வேதாளத்தை வரைந்த கை

ஒரு கையில் உருவிய வாள். தோளில் தொங்கும் பிணம். சுற்றிலும் சுடுகாட்டு இருள். இவற்றினிடையே சற்றும் கலங்காமல் நடந்து செல்கிறான் ஓர் அரசன். இவ்வளவு சொன்ன மாத்திரத்தில், நேயர்களில் பலருக்கு விக்கிரமாதித்தனும் வேதாளமும் கண்முன் தோன்றியிருப்பார்கள். அந்தச் சித்திரத்தைத் தீட்டியவர் யார் என்றால் விடை கூறக்கூடியவர் சிலரே. 'சங்கர்' என்ற பெயரில் வரைந்த கே. சி. சிவசங்கரன்தான் அவர்.

கொங்கு நாட்டுக் காரத்தொழுவைச் சேர்ந்த அவர் 1924-ஆம் ஆண்டு பிறந்தார், சென்னையில் வளர்ந்தார். 1941-இல் சென்னை அரசினர் கலைப் பள்ளியில் சேர்ந்தார். அக்காலத்தில் அதன் முதல்வராயிருந்தவர் வங்காளச் சிற்பி தேவி பிரசாத் ராய் சௌத்ரி. பின்னாளில் மெரினாக் கடற்கரையில் உழைப்பாளர் சிலையை உருவாக்கியவர். அத்தகையவரின் பள்ளியில் பயின்றோர்க்கு ஓவியக் கண்காட்சிகளே இயல்பான அரங்கு. சிவசங்கரனோ 1946-இல் 'கலைமகள்' பத்திரிகையிலும், 1952-இல் 'அம்புலிமாமா'விலும் மாதச் சம்பளத்துக்கு அமர்ந்தார். அதைத் தாழ்வாக அவர் கருதியதில்லை என்பதற்கு, அங்கேயே அறுபது ஆண்டுகள் அளவுக்கு உழைத்தது ஒன்றே போதும்.

நாகிரெட்டியும் சக்கரபாணியும் 1947 ஜூலையில் தெலுங்கிலும் தமிழிலும் தொடங்கிய இதழ் அது. பின்னர் மராத்தியில் 'சாந்தோபா', மலையாளத்தில் 'அம்பிலி அம்மாவன்', ஒடியாவில் 'ஜன்ஹமாமு' என்று பத்துக்கும் மேற்பட்ட மொழிகளில் வெளிவந்தது. எழுத்து மொழிக்கு மொழி மாறும், சித்திரம் மாறாது. ஓவியருக்கு இதனால் நேர்ந்த பொறுப்பை எண்ணிப் பாருங்கள். படத்துக்குள் எந்த எழுத்தும் உதவிக்கு வராது. அரசன் யார், அமைச்சன் யார், வஞ்சகன் யார் என்பதை முகமும் உடையும் நிற்கும் நிலையுமே சொல்லவேண்டும். அந்த அரசனைத் தஞ்சைச் சிறுவனும் நம்பவேண்டும்; நாகபுரிச் சிறுமியும் நம்பவேண்டும். சங்கரின் அரண்மனைத் தூண்களில் தென்னாட்டுக் கோயில் மண்டபங்களின் சாயல் எனக்குத் தெரிகிறது. ஆயினும் அது பிற மாநிலத்துப் பிள்ளைகளுக்கு அயலாய்த் தோன்றியதாகத் தெரியவில்லை.

வேதாளக் கதைகளைப் பதினோராம் நூற்றாண்டில் காசுமீரத்துச் சோமதேவர் வடமொழியில் எழுதினார். மூலத்தில் உள்ளவை இருபத்தைந்தே. அவை தீர்ந்தபின், அதே வேதாளத்தின் வாயில் புதுக் கதைகளை வைத்து ஆசிரியர்கள் தொடரைப் பல்லாண்டுகள் நீட்டினர். கதை எத்தனை முறை மாறினாலும், அரசன் அதே நடையில் சுடுகாட்டைக் கடந்துகொண்டேயிருந்தான்.

'சங்கர்' என்னும் பெயர் எம்மொழிக்கும் உரியது. ஆகையால் இவரைத் தம் ஊரார் என்று வாசகர்கள் எண்ணியிருக்க இடமுண்டு. தில்லியிலுள்ள நேயர்களுக்கு வேறொரு மயக்கம் தோன்றலாம். 1957-இல் அங்கே குழந்தைகள் புத்தக அறக்கட்டளையை நிறுவிய கேலிச்சித்திரக்காரர் சங்கரும் ஒருவர் உண்டே! அவர் கேரளத்தவர், இவர் வேறு.

இதழ் 2010-களின் முற்பகுதியில் நின்றபோது, பழைய ஓவியர் குழுவில் எஞ்சியிருந்தவர் இவர் ஒருவரே. 2020 செப்டம்பர் 29 அன்று, தொண்ணூற்றாறாம் வயதில் காலமானார். பத்மஸ்ரீ விருது மறு ஆண்டு, மறைவுக்குப் பின்னரே அறிவிக்கப்பெற்றது. கண்ணாடிச் சட்டத்தில் அல்ல, சிறுவர் கைபட்டுக் கிழியும் தாளில் வாழ்ந்த கலைக்கு, அது காலந்தாழ்ந்த மரியாதை என்றே சொல்லத் தோன்றுகிறது.

புணேயிலோ கட்டக்கிலோ பிறந்து, தமிழெழுத்து அறியாமல் வளரும் பேரப்பிள்ளைகள் உங்களில் சிலர் வீட்டில் இருக்கக்கூடும். பழைய 'அம்புலிமாமா' ஒன்று பெட்டியடியில் கிடந்தால் எடுத்து விரித்து வையுங்கள். கதையை நீங்கள் படிக்கவேண்டும். படத்தைப் பிள்ளை தானே படித்துக்கொள்ளும்.