அட்டை தொலைந்தால் உரிமை தொலைவதில்லை

இந்திய வாக்காளரின் இடக்கை ஆட்காட்டி விரலில் மைசூரு நகரம் பல தலைமுறைகளாக ஓர் அடையாளத்தை இட்டு வருகிறது. நான்காம் கிருஷ்ணராஜ உடையார் காலத்தில், 1937-இல் தொடங்கப்பெற்று, இன்று கர்நாடக அரசின் நிறுவனமாக விளங்கும் மைசூர் பெயின்ட்ஸ் அண்டு வார்னிஷ் நிறுவனமே தேர்தலுக்குரிய அழியா மையைத் தயாரிக்கிறது. 1962 பொதுத்தேர்தல் தொடங்கி அந்த மை பயன்பாட்டில் உள்ளது. புகைப்பட அட்டைகள் இல்லாத அந்நாளில், ஒருவர் இருமுறை வாக்களிக்காமல் காத்தது அந்த மைதான். பின்னர், டி.என். சேஷன் தலைமைத் தேர்தல் ஆணையராக இருந்த 1993-இல் வாக்காளர் புகைப்பட அடையாள அட்டை வந்தது. 2010 செப்டம்பர் 29 அன்று மகாராஷ்டிரத்தில் முதல் ஆதார் எண் வழங்கப்பட்டது. கர்நாடகத்தில் ஆதார் பதிவு முதலில் தொடங்கிய மாவட்டங்களுள் மைசூருவும் ஒன்று.

விரலில் இட்ட மை தொலையாது. பணப்பையில் வைத்த அட்டை தொலையும். தசரா நாளில் அரண்மனை முதல் பன்னிமண்டபம் வரை ஜம்பூ சவாரி காண நிற்கும் கூட்டத்திலும், தேவராஜ மார்க்கெட்டின் குறுகிய வழிகளிலும், புறநகர்ப் பேருந்து நிலையத்து நெரிசலிலும் ஒரு பணப்பை தவறுவதற்கு ஒரு நொடி போதும். ஓட்டுநர் உரிமம், ஆதார், பான், வாக்காளர் அட்டை, டெபிட் கார்டு ஆகிய ஐந்தும் ஒருங்கே போய்விடுகின்றன. மறுநாள் காலை வங்கிக் கிளையில் நம் முன் அமரும் வாடிக்கையாளர் முதலில் சொல்வது, “எல்லாம் போய்விட்டது” என்பதே. எல்லாம் போய்விடவில்லை என்பதை விளக்கவே இக்கட்டுரை.

தொலைந்தது வேறு, நிறுத்தப்பட்டது வேறு

அட்டை என்பது ஒரு பதிவேட்டில் உள்ள உண்மைக்குச் சான்று. அட்டை தொலைந்தாலும் பதிவேட்டில் உள்ள உண்மை மாறுவதில்லை. ஆதார் எண் அதே எண்தான்; பான் எண் அதே பத்து எழுத்து எண்தான்; வண்டி ஓட்டும் உரிமையும் அப்படியே இருக்கிறது. நாம் திரும்பப் பெற வேண்டியது சான்றை மட்டுமே.

இதற்கு நேர்மாறானது இடைநிறுத்தப்பட்ட ஓட்டுநர் உரிமம். அந்த அட்டை சட்டைப்பையிலேயே இருக்கலாம். ஆனால் பதிவேட்டில் உரிமை நிறுத்தி வைக்கப்பட்டிருக்கும். அட்டையைக் காட்டி வண்டி ஓட்ட இயலாது. இவ்விரண்டையும் ஒன்றெனக் கருதி, இடைநிறுத்தப்பட்டவர் “தொலைந்துவிட்டது” என்று கூறி நகல் உரிமத்திற்கு விண்ணப்பிப்பது, இருக்கும் சிக்கலை இரட்டிப்பாக்கும் செயல். எனவே முதலில் தம் நிலை எதுவென்று தெளிவது நலம்.

முதல் ஒரு மணி நேரம்

பணப்பை தொலைந்தவுடன் செய்ய வேண்டுவன வரிசையாக இவை:

1. டெபிட் கார்டையும் கிரெடிட் கார்டையும் வங்கிச் செயலி, குறுஞ்செய்தி அல்லது வாடிக்கையாளர் சேவை எண் வழியே உடனே முடக்குதல். முடக்கியதற்கான குறிப்பு எண்ணை எழுதி வைத்தல்.
2. கைப்பேசியும் சேர்ந்து தொலைந்திருப்பின் சிம் அட்டையை முடக்குதல். ஓடிபி அனைத்தும் அந்த எண்ணுக்கே வருவதால் இதில் தாமதம் கூடாது.
3. கணக்கிலிருந்து பணம் போயிருப்பின் 1930 என்ற தேசிய உதவி எண்ணிலும், வங்கிக் கிளையிலும் புகார் பதிதல்.
4. காவல் துறையில் தொலைந்தமை குறித்து அறிக்கை பெறுதல்.

பாரத ரிசர்வ் வங்கி 2017 ஜூலை 6 அன்று வெளியிட்ட சுற்றறிக்கையின்படி, வாடிக்கையாளரின் கவனக்குறைவால் நேர்ந்த இழப்பாயினும், அவர் வங்கிக்குத் தெரிவித்த பின்னர் ஏற்படும் இழப்பு வங்கியைச் சேரும். ஆகவே, தெரிவித்த நேரமே இங்கு முதன்மையானது. “வீட்டில் தேடிப் பார்த்துவிட்டு நாளை சொல்லலாம்” என்று இருக்க வேண்டா. அட்டை வீட்டிலேயே கிடைத்துவிட்டால், புதிய கார்டு பெறும் சிறு தொல்லையோடு போகும்.

காவல் நிலையத்திற்கு நேரில் செல்லாமலும் தொலைந்தமை அறிக்கை பெறலாம். கர்நாடக மாநிலக் காவல் துறையின் கைப்பேசிச் செயலியில் அதற்கான வசதி உண்டு. திருட்டு என்று ஐயமிருப்பின் அது போதாது. காவல் நிலையத்தில் முறையாகப் புகார் அளிக்க வேண்டும். அறிக்கையில் தொலைந்த ஒவ்வோர் அட்டையின் பெயரையும், தெரிந்தால் எண்ணையும் குறிப்பிடுவது அவசியம். பொதுவாக “பணப்பை” என்று மட்டும் எழுதிய அறிக்கை, நகல் உரிமத்திற்கு விண்ணப்பிக்கும்போது மீண்டும் அலைய வைக்கும்.

நகல் ஓட்டுநர் உரிமம்

மைசூருவில் இரண்டு வட்டாரப் போக்குவரத்து அலுவலகங்கள் உள்ளன. மேற்கு அலுவலகத்தின் குறியீடு கேஏ 09. கிழக்கு அலுவலகத்தின் குறியீடு கேஏ 55. உரிம எண்ணின் தொடக்கத்தில் மாநிலமும் அலுவலகமும், அடுத்து வழங்கிய ஆண்டும், பின்னர் ஏழிலக்க வரிசை எண்ணும் அமையும். இந்த எண் தெரிந்திருந்தால் பாதி வேலை முடிந்தது.

மத்திய போக்குவரத்து அமைச்சகத்தின் பரிவாகன் தளத்தில் உள்ள சாரதி பகுதியில், மாநிலத்தைத் தேர்ந்து, நகல் உரிமத்திற்கு விண்ணப்பிக்கலாம். உரிம எண், பிறந்த நாள், காவல் துறை அறிக்கை, முகவரிச் சான்று ஆகியவை தேவைப்படும். கட்டணத்தை அங்கேயே செலுத்திவிடலாம். தரகர் எவரிடமும் ஓடிபி சொல்ல வேண்டியதில்லை.

நகல் வரும்வரை வண்டியை நிறுத்தி வைக்க வேண்டுமா என்று பலர் கேட்கின்றனர். வேண்டா. டிஜிலாக்கர் செயலியிலோ எம்பரிவாகன் செயலியிலோ உள்ள மின்னணு உரிமத்தைப் போக்குவரத்துக் காவலரிடம் காட்டலாம். 2018-இல் மத்திய மோட்டார் வாகன விதிகளில் செய்யப்பட்ட திருத்தம் இதற்கு இடமளிக்கிறது. கைப்பேசியில் எடுத்த புகைப்படம் இதற்கு ஈடாகாது என்பதை நினைவிற் கொள்ள வேண்டும்.

பழைய புத்தக வடிவ உரிமம் வைத்திருப்போர் நிலை சற்றுக் கடினம். அவற்றுள் சில கணினிப் பதிவேட்டில் ஏறாதவை. அவ்வாறாயின் டிஜிலாக்கரில் உரிமம் கிடைக்காது; வழங்கிய அலுவலகத்தை அணுகிப் பதிவேற்றச் செய்தல் வேண்டும். பழைய உரிமம் கையில் இருக்கும்போதே இதைச் செய்துகொள்வது எளிது. தொலைந்த பின்னர் அரிது.

பிற அட்டைகள்

ஆதார்: பதிவு செய்த கைப்பேசி எண் இருப்பின், மை ஆதார் தளத்தில் மின் ஆதாரைச் சில நிமிடங்களில் பெறலாம். எண்ணே மறந்திருந்தாலும் அதே தளத்திலோ 1947 என்ற உதவி எண்ணிலோ மீட்கலாம். கைப்பேசி எண் பதிவு செய்யாதோர் ஆதார் மையத்திற்கு நேரில் செல்ல வேண்டும். அட்டை பிறர் கையில் கிடைத்திருக்கும் என்று அஞ்சுவோர், கைரேகை, கருவிழிப் பதிவுகளைப் பூட்டி வைக்கும் வசதியைப் பயன்படுத்தலாம்.

பான்: எண் மாறாது, அட்டையை மறுபடி அச்சிட்டுத் தருமாறு இணையத்தில் விண்ணப்பித்தால் போதும். புதிய பான் எண்ணுக்கு விண்ணப்பிப்பது பெரும் தவறு. ஒருவர் இரண்டு பான் எண் வைத்திருத்தல் வருமான வரிச் சட்டப்படி அபராதத்திற்குரியது.

வாக்காளர் அட்டை: படிவம் 8 வழியே மாற்று அட்டை கேட்கலாம். உதவி எண் 1950. அட்டை வரும்முன் தேர்தல் வந்துவிட்டாலும் கவலை வேண்டா. வாக்காளர் பட்டியலில் பெயர் இருப்பின், தேர்தல் ஆணையம் ஏற்கும் மாற்று ஆவணம் ஒன்றைக் காட்டி வாக்களிக்கலாம். புகைப்படம் ஒட்டிய வங்கிப் பாஸ்புத்தகமும் அவற்றுள் ஒன்று.

முன்னெழுத்தும் ழகரமும்

மைசூருவில் வாழும் தமிழ் வாடிக்கையாளர் பலருக்கு, மாற்று அட்டை பெறுவதில் உண்மையான தடை அலுவலகத்தில் இல்லை, பெயரில் இருக்கிறது. நம்மவர் தந்தையின் பெயரை முன்னெழுத்தாகச் சுருக்கி எழுதுவர். பான் விண்ணப்பமோ முதற்பெயரிலும் இறுதிப்பெயரிலும் முன்னெழுத்தை ஏற்பதில்லை; விரித்து எழுதக் கேட்கிறது. அதனால் ஆதாரில் “மு. கந்தசாமி” எனவும், பானில் “கந்தசாமி முத்துசாமி” எனவும் ஒருவரே இருவராகிறார். ஈரோட்டில் பெற்ற உரிமத்தில் முன்னெழுத்து முன்னால் இருக்கும். மைசூருவில் பெற்ற ஆவணத்தில் பின்னால் இருக்கும்.

எழுத்துப் பெயர்ப்பும் சேர்ந்துகொள்கிறது. ழகரம் இன்றைய கன்னடத்தில் இல்லை; ளகரமாக எழுதுவர். ஆங்கிலத்தில் அதையே ஓர் அலுவலர் ஓரெழுத்தாலும் மற்றோர் அலுவலர் ஈரெழுத்தாலும் எழுதுகிறார். அட்டைகள் கையில் இருக்கும் நாளில் இவ்வேறுபாடு கண்ணில் படுவதில்லை. ஒன்று தொலைந்து, மற்றொன்றைச் சான்றாகக் காட்டும் நாளில்தான் தெரியவருகிறது.

ஆகவே எல்லா ஆவணங்களிலும் பெயர், பிறந்த நாள், முகவரி ஆகிய மூன்றும் எழுத்துக்கு எழுத்து ஒத்திருக்கிறதா என்று ஒருநாள் அமர்ந்து பார்ப்பது நல்லது. ஆதாரில் பெயரை இருமுறையும், பிறந்த நாளை ஒருமுறையும் மட்டுமே பொதுவாகத் திருத்தலாம். எந்த வடிவை நிலையாகக் கொள்வது என்று வீட்டில் கலந்து முடிவு செய்த பின்னரே திருத்தத்தைத் தொடங்குக.

உரிமம் இடைநிறுத்தப்பட்டால்

மிகை வேகம், சிவப்பு விளக்கைத் தாண்டுதல், குடித்துவிட்டு ஓட்டுதல், ஓட்டும்போது கைப்பேசியில் பேசுதல் போன்ற குற்றங்களுக்குக் காவல் துறை உரிமத்தைப் பெற்று உரிமம் வழங்கும் அதிகாரிக்கு அனுப்பலாம். 2019-இல் திருத்தப்பட்ட மோட்டார் வாகனச் சட்டத்தின் 19-ஆம் பிரிவின்படி, அவ்வதிகாரி உரிமதாரருக்குத் தம் தரப்பைக் கூற வாய்ப்பளித்த பின்னரே முடிவெடுக்க வேண்டும். முதல் குற்றமாயின் மூன்று மாதத் தகுதியிழப்பு. மீண்டும் நேர்ந்தால் உரிமமே நீக்கப்படும். ஆணை கிடைத்த 30 நாள்களுக்குள் மேல்முறையீடு செய்யலாம். காலம் முடிந்ததும் உரிமம் தானாகத் திரும்பிவிடாது. புத்தாக்கப் பயிற்சியை நிறைவு செய்தோருக்கே திருப்பித் தரப்படும் என்பது சட்டம்.

விசாரணைக்கு வருமாறு வரும் கடிதத்தைப் பலர் அபராத ரசீது என்று எண்ணி ஒதுக்கிவிடுகின்றனர். தம் தரப்பைக் கூறும் வாய்ப்பு அதனால் வீணாகிறது. பழைய முகவரியில் கடிதம் போய்ச் சேராதோரும் உண்டு.

தகுதியிழந்த காலத்தில் வண்டி ஓட்டினால் 182-ஆம் பிரிவின்படி ரூ. 10,000 அபராதமும் மூன்று மாதம் வரை சிறையும் விதிக்க இடமுண்டு. விபத்து நேர்ந்தால் சொந்த வாகனச் சேதத்திற்குக் காப்பீட்டுத் தொகை கிடைப்பது அரிது. பிறருக்கு அளித்த இழப்பீட்டையும் காப்பீட்டு நிறுவனம் வாகன உரிமையாளரிடமிருந்து திரும்பக் கோரலாம்.

சுற்றுலா வாகனம் ஓட்டிப் பிழைப்போர் நிறைந்த மைசூருவில் இது வங்கிக் கடனையும் தொடுகிறது. தவணை 90 நாள்களுக்கு மேல் நிலுவையில் நின்றால் அக்கடன் வாராக்கடனாக வகைப்படுத்தப்படும். உரிமம் இடைநிறுத்தப்படும் காலமும் ஏறத்தாழ அதே மூன்று மாதம். வருமானம் நின்றுவிட்டதே என்று வாளாவிருந்தால், உரிமம் கைக்கு வரும் நாளில் கடன் அறிக்கையில் நீங்காத கறை ஒன்று காத்திருக்கும்.

நம் கிளையில் வாகனக் கடன் பெற்ற ஓட்டுநர் ஒருவர், இரண்டாம் தவணையும் தவறிய பின்னரே வந்தார். உரிமம் போனதைச் சொல்லக் கூசியதாகக் கூறினார். நிறுத்தப்பட்டது ஓட்டுநரின் உரிமமே அன்றி வாகனத்தின் பதிவோ பர்மிட்டோ அன்று என்பதை அவருக்கு எடுத்துரைத்தோம். தகுதியுடைய உறவினர் ஒருவரை ஓட்டச் செய்து, வருவாயில் பாதியேனும் தவணைக்குச் செலுத்தி, எஞ்சிய நாள்களைக் கடந்தார். முதல் வாரத்திலேயே வந்திருப்பின் ஒரு தவணையும் தவறியிருக்காது.

வங்கி கேட்பதும் வாடிக்கையாளர் செய்வதும்

ஓட்டுநர் உரிமத்தைக் காட்டிக் கணக்குத் தொடங்கியோர், அது தொலைந்ததால் கணக்கு முடங்கும் என்று அஞ்ச வேண்டியதில்லை. கேஒய்சி புதுப்பிக்கும் காலம் வந்தால், பாஸ்போர்ட், ஆதார், வாக்காளர் அட்டை, மாநில அரசு அலுவலர் கையொப்பமிட்ட நூறுநாள் வேலை அட்டை ஆகியவற்றுள் ஒன்றைக் காட்டலாம். விவரங்களில் மாற்றம் இல்லையெனில் தாமே எழுதித் தரும் உறுதிமொழியே போதுமானது.

சில மாதங்கள் கழித்து இரண்டு சோதனைகள் செய்வது நன்று. சஞ்சார் சாத்தி தளத்தில் தம் பெயரில் எத்தனை கைப்பேசி இணைப்புகள் உள்ளன என்று பார்த்தல் ஒன்று. தாம் வாங்காத கடன் ஏதும் தம் பெயரில் உள்ளதா என்று கடன் அறிக்கையில் பார்த்தல் மற்றொன்று. ஒவ்வொரு கடன் தகவல் நிறுவனமும் ஆண்டுக்கு ஒருமுறை முழு அறிக்கையை இலவசமாகத் தர வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் நெறி.

இனி, நகல் எடுத்துக் கொடுக்கும்போது அதன் மேல் நோக்கத்தையும் நாளையும் எழுதிக் கையொப்பமிடுக. கடைசி நான்கு இலக்கங்கள் மட்டும் தெரியும் மறைப்பு ஆதார் போதுமான இடத்தில் முழு எண்ணைத் தர வேண்டா. ஐந்து அட்டைகளையும் ஒரே பணப்பையில் சுமக்கவும் வேண்டா. அட்டை எண்கள் அனைத்தையும் ஒரு தாளில் எழுதி, வீட்டில் பத்திரங்களோடு வைத்து, அது இருக்குமிடத்தை இல்லத்தார் ஒருவருக்கேனும் சொல்லி வைப்பது இன்றே செய்யக்கூடியது. அதற்குப் பத்து நிமிடமும் ஆகாது.