'கை': முகம் மாறாத பொம்மை சொல்லும் கதை

பிள்ளைகளோடு உட்கார 18 நிமிடம் கிடைக்குமா? செக் இயக்குநர் யிர்ஷி ட்ருங்கா 1965இல் எடுத்த 'கை' பொம்மைப் படத்தைப் பாருங்கள். வசனமே கிடையாது.

கதை என்ன?

குயவர் ஒருவர் தம் ரோஜாச் செடிக்குத் தொட்டி செய்கிறார். பெரிய கை ஒன்று நுழைந்து, தன்னைச் சிலையாகச் செய்யச் சொல்கிறது. அவர் மறுக்கிறார். கை விடுவதாக இல்லை.

பொம்மையின் முகம் மாறாதே, சோகம் எப்படித் தெரிகிறது?

தலை சாயும் விதம், வெளிச்சம், நிழல். அவ்வளவுதான். மிச்சத்தை நம்ம மனசு பார்த்துக்கொள்ளும். கை மட்டும் நிஜ மனிதக் கை!

ஏன் தடை?

ட்ருங்கா 1969இல் காலமானார். அதன்பின் கம்யூனிஸ்ட் அரசாங்கம் படத்தைத் தடை செய்தது. அந்தக் கை யாரைக் குறிக்கிறது என்பது புரியாமல் இருக்குமா?

முடிவு சோகமானது, சின்னப் பிள்ளைகள் பார்த்தால் பக்கத்திலேயே இருங்கள். "அவர் ஏன் முடியாதுன்னு சொன்னாரு?" என்று கேட்டால், பேச்சை அங்கிருந்தே தொடங்கலாம்.