சொல் விளைந்த நிலம் – 14: வைரம் பாய்ந்த கட்டை

எங்கள் ஊர் வீட்டைப் பிரித்தபோது உத்திரம் ஒன்றை இறக்க மட்டும் அரை நாள் பிடித்தது. ஓடுகளும் கைமரங்களும் காலை வெயில் ஏறுமுன் தரைக்கு வந்துவிட்டன. கூடத்தின் குறுக்கே கிடந்த அந்த ஒற்றை உத்திரம் மட்டும் வடக்கயிற்றுக்கும் கடப்பாரைக்கும் எளிதில் இணங்கவில்லை. எட்டுப் பேர் தோள் கொடுத்து இறக்கி வாசலில் போட்டபோது மண் அதிர்ந்தது.

நரசிங்கம்பேட்டையிலிருந்து பழைய மரம் பார்க்க ஓர் ஆசாரி வந்திருந்தார். நாதஸ்வரம் செய்கிறவர். குந்தி உட்கார்ந்து கைமுட்டியால் இரண்டு இடத்தில் தட்டிக் காது கொடுத்தார். பிறகு முனையில் உளி வைத்து ஒரு சீவல் எடுத்தார். மேலே நூறாண்டுப் புகையும் தூசியும். உள்ளே கறுப்போடிய செம்மை.

“தம்பி, இது ஆச்சா. வைரம் பாய்ஞ்ச கட்டை. வெள்ளை ஒரு விரக்கடைகூட இல்ல பாருங்க,” என்றார்.

அவர் சொன்ன இரண்டு சொற்களும் அன்றிலிருந்து என்னோடு இருக்கின்றன. ஒன்று வெள்ளை, மற்றொன்று வைரம். மரத்தைக் குறுக்கே அறுத்தால் பட்டைக்கு உட்புறம் வெளிறிய வளையம் ஒன்று தெரியும். அதுதான் வெள்ளை. அதற்கும் உள்ளே நிறம் மாறி இறுகிக் கிடப்பது வைரம். வேர் உறிஞ்சிய நீர் வெள்ளை வழியாகத்தான் இலைக்கு ஏறுகிறது. அங்கே உயிருள்ள செல்கள் இருக்கின்றன, மாச்சத்து இருக்கிறது. அந்த மாச்சத்துக்காகத்தான் வண்டு துளைக்கிறது, மரம் உளுத்து மாவாய் உதிர்கிறது. வயது ஏற ஏற உள் வளையங்களிலுள்ள செல்கள் இறக்கின்றன. இறக்குமுன் தம்மிடமிருந்த மாச்சத்தைச் செலவழித்துப் பிசினும் துவர்ப்பும் எண்ணெயுமாகப் பலவற்றைச் செய்து அங்கேயே நிரப்பிவிடுகின்றன. நீர் ஓடிய குழாய்கள் அடைபடுகின்றன. வண்டுக்குத் தின்ன எதுவும் மிஞ்சுவதில்லை, பூஞ்சைக்கு அந்தத் துவர்ப்பு ஆகாது.

ஆக, ஒரு மரத்தில் நாம் மிக உயர்வாகப் பேசும் பகுதி உயிரில்லாத பகுதி. நடுவெல்லாம் பொந்தாகிப்போன சாலையோரப் புளியமரம் ஆண்டுதோறும் தளிர்த்துக் காய்ப்பது இதனால்தான். அதன் உயிர் பட்டையை ஒட்டிய வளையத்தில் ஓடிக்கொண்டிருக்கிறது. உள்ளே இருப்பது மரம் தன் வாழ்நாளெல்லாம் சேர்த்துவைத்துவிட்டுப் போனது.

இதற்கு நம்மவர்கள் தேர்ந்த வினைச்சொல்லைக் கவனியுங்கள். வைரம் வளர்கிறது என்று யாரும் சொல்வதில்லை. வைரம் பாய்கிறது, அல்லது ஏறுகிறது. வயலுக்குப் பாயும் தண்ணீரைப் போல, மெதுவாக, உள்ளிருந்து வெளிநோக்கிப் பரவி நிறைகிற ஒன்றை அந்த வினை அப்படியே பிடித்துவைத்திருக்கிறது. மரத்தை அறுத்து அறுத்துப் பார்த்த கைகளிலிருந்து வந்த சொல் அது என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை.

வைரம் என்பது வடமொழி வஜ்ரத்திலிருந்து வந்தது. இந்திரன் கை ஆயுதத்துக்கும் நவமணிகளில் ஒன்றுக்கும் அங்கே அதுதான் பெயர். தமிழில் வயிரம் என்றாகி, பிறகு வைரம் என்றாகி, மணிக்குப் பெயராக இருந்ததோடு மரத்துக்குள்ளும் புகுந்தது. அது வருமுன் மரத்தின் உள்ளுறுதிக்கு நம்மிடம் பெயர் இல்லாமல் போய்விடவில்லை. காழ் என்றார்கள், சேகு என்றார்கள்.

காழ் எவ்வளவு பழைய சொல் என்பதற்குத் தொல்காப்பியத்தின் மரபியலே சான்று. மரம் எது, புல் எது என்று பிரிக்க அந்த நூல் உயரத்தைப் பார்க்கவில்லை, பருமனையும் பார்க்கவில்லை. காழ் எங்கே இருக்கிறது என்று பார்த்தது. உள்ளே காழ் உடையது மரம், வெளியே காழ் உடையது புல். இந்தக் கணக்கின்படி மூங்கிலும் தென்னையும் பனையும் புல். வானளாவிய பனையைப் புல் என்றால் இன்று கேட்பவர்கள் சிரிப்பார்கள். ஆனால் ஒரு பனையைப் பிளந்து பார்த்தவர் சிரிக்கமாட்டார். கறுத்த நார் நெருங்கிய வைரம் முழுக்க வெளிப்புறத்தில் இருக்கும். நடுவில் மெத்தென்று சோறு. (சோற்றுக் கற்றாழையில் வருகிற அதே சோறு.) பனஞ்சட்டம் எடுக்கிறவர்கள் அந்தச் சோற்றைச் செதுக்கித் தள்ளிவிட்டு வெளி வைரத்தை மட்டும் வைத்துக்கொள்வார்கள். இன்றைய தாவரவியல் பனையையும் தென்னையையும் மூங்கிலையும் ஒருவித்திலைத் தாவரங்கள் என்று ஒரே பெரும் பிரிவில் வைக்கிறது, புல்லும் அந்தப் பிரிவில்தான் இருக்கிறது. மாவும் புளியும் வேறு பிரிவு. கோடரி ஓசையைக் கேட்டு வளர்ந்த மக்கள் கண்ட பிரிவினையும் நுண்ணோக்கி கண்ட பிரிவினையும் ஏறக்குறைய ஒரே கோட்டில் வந்து நிற்கின்றன. மாவிலை என்கிறோம், பனையோலை என்கிறோம். இலை, ஓலை என்ற இந்த வேறுபாட்டையும் மரபியல் அங்கேயே சொல்லிவிடுகிறது.

காழுக்குப் பொருள்கள் பல. விதையும் காழ்தான். வள்ளுவர் காமத்துப்பாலில் விதையில்லாத கனியைச் சொல்லும் இடத்தில் இந்தச் சொல்லைத்தான் எடுக்கிறார். கோத்த மணிவடம் காழ், நட்ட கம்பமும் காழ். மென்மையான ஒன்றுக்கு நடுவே நின்று அதைத் தாங்குகிற எதுவும் காழ் என்று வைத்துக்கொண்டால் இவையெல்லாம் ஒரே குடும்பமாகிவிடும். மலையாளத்தில் மரத்தின் உள்வைரத்துக்குக் காதல் என்று பெயர். மம்மூட்டி நடித்து 2023-ல் வந்த ‘காதல் – தி கோர்’ படத்தின் தலைப்பை அன்பு என்ற பொருளில் மட்டும் படித்த தமிழர்கள் பலர். மரத்தச்சரின் காதலும் அதற்குள் இருக்கிறது. பாலி மொழியில் இதே பொருளுக்குச் சாரம். மஜ்ஜிம நிகாயத்தில் இதைப் பற்றியே ஒரு சூத்திரம் உண்டு: வைரம் தேடிக் காட்டுக்குப் போனவன் இலையையோ பட்டையையோ வெள்ளையையோ எடுத்துக்கொண்டு, கிடைத்துவிட்டது என்று திரும்பிவருகிறான். ஒரு பேச்சின் சாரம், கட்டுரையின் சாரம் என்று நாம் சொல்லும்போதெல்லாம் பழைய மரம் ஒன்று அறுபடுகிறது.

கைப்புழக்கத்தில் வைரத்துக்கு வேலைகள் அதிகம். இறைச்சிக் கடையில் வெட்டுவாங்குவது புளியங்கட்டை. செக்குக்கு வாகை. ஈழத்து வன்னியில் கேட்டால் முதிரையும் பாலையும் முதலில் வரும். சந்தனத்தின் மணமெல்லாம் வைரத்தில்தான், வெளிப்புற வெள்ளைக்கு மணம் கிடையாது. செம்மரத்தைக் கடத்துகிறவர்கள் காட்டிலேயே வெள்ளையைச் செதுக்கிப் போட்டுவிட்டு வைரத்தை மட்டும் சுமந்துபோவதும் அதற்குத்தான் விலை என்பதால். கருங்காலியின் கறுப்பும் உள்ளே மட்டுந்தான். அந்தக் கறுத்த கட்டையைத் தண்ணீரில் போட்டால் மூழ்கிவிடும். அதில் கடைந்த உலக்கை மூன்று தலைமுறைக்கு நெல் குத்தும். இப்போது அதை மணியாகக் கடைந்து மாலையாக வாங்கிக் குவிக்கிறார்கள். மிக மெதுவாக வளரும் மரம் அது. ஒரு பருவத்து ஆசைக்கு அதை வெட்டித் தீர்ப்பதை நினைத்தால் மனம் பொறுக்கவில்லை.

கருங்காலிக்கு இன்னொரு தீங்கும் நேர்ந்திருக்கிறது. வேலைநிறுத்தத்தை முறிக்கிறவனை ஆங்கிலேயத் தொழிலாளர்கள் ‘பிளாக்லெக்’ என்றார்கள். அது அப்படியே கருங்காலி என்று தமிழில் இறங்கி, மரத்தின் பெயர் துரோகியின் பெயராயிற்று. கோடரிக் காம்பு தன் குலத்தையே வெட்டும் என்ற நம் பழமொழியும் அதற்குத் துணைநின்றிருக்கும். இரும்பைத் தாங்கிப்பிடிக்கும் உறுதி அந்தக் காம்புக்கு இருந்தது, அவ்வளவுதான் அது செய்த குற்றம்.

நரசிங்கம்பேட்டை ஆசாரிகள் புதிதாய் வெட்டிய ஆச்சாவைத் தேடுவதில்லை. பச்சை மரத்தின் ஈரம் உலர உலரக் கட்டை சுருங்கும், முறுக்கும். அதில் துளையிட்ட குழல் நேராக நிற்காது. ஆகவே இடிக்கும் வீடுகளின் தூண், உத்திரம், நிலை என்று தேடி வாங்குகிறார்கள். சுருங்க வேண்டியதெல்லாம் சுருங்கி, முறுக்க வேண்டியதெல்லாம் முறுக்கி ஓய்ந்த மரம் அது. டி.என். ராஜரத்தினம் பிள்ளைக்காகப் பாரி நாதஸ்வரம் செய்துகொடுத்த ரங்கநாதன் ஆசாரி இந்த ஊர்க்காரர். 2022-ல் இவர்களுடைய நாதஸ்வரத்துக்குப் புவிசார் குறியீடு கிடைத்தது. ஏதோ ஒரு குடும்பத்தின் கூரையைத் தாங்கிய கட்டைதான் இன்னொரு குடும்பத்தின் கல்யாணத்தில் கெட்டிமேளத்தோடு முழங்குகிறது.

வைரம் மரத்தைவிட்டு மனிதருக்கு வந்ததும் முதலில் உடம்பில்தான் ஏறியது. எண்பது வயதில் ஏற்றம் இறைத்தவரை, பத்துப் பிள்ளை பெற்றும் நிமிர்ந்து நடந்த பாட்டியை, வைரம் பாய்ந்த கட்டை என்பார்கள். கட்டை என்று மனித உடம்பைச் சொல்வது வேறு எந்த இடத்திலும் அவ்வளவு மதிப்பாக இராது. வைராக்கியம் என்ற சொல்லையும் இதோடு சேர்த்துக் கேட்கிறது நம் காது. உண்மையில் அது விராகத்திலிருந்து வந்தது, பற்று நீங்குதல் என்று பொருள். தமிழ்நாட்டில் அதற்கு ‘பிடித்த பிடி விடாமை’ என்று நேரெதிரான பொருள் வந்துசேர்ந்ததற்கு, உள்ளே ஒலிக்கும் வைரமும் ஒரு காரணமாக இருக்கலாம் என்பது என் எண்ணம்.

உடம்பைத் தாண்டி வைரம் மனதுக்குள் போனால் பகையாகிவிடுகிறது. மனசில் வைரம் வைத்திருக்கிறான், வைரம் சாதிக்கிறான், வைரி. இலக்கணப்படி இது வேறு சொல். வீரன் என்பதோடு உறவுடைய வடமொழி வைரம், அதற்குப் பகை என்றே பொருள். வஜ்ரத்துக்கும் அதற்கும் பிறப்பில் தொடர்பில்லை. இரண்டும் தமிழ் வாயில் ஒன்றாய்க் குழைந்தன.

தற்செயல் என்று விட்டுவிட நினைத்தேன். ஆனால் காழ் விடவில்லை. காழ் வடமொழியிலிருந்து வந்ததல்ல, முழுக்க நம்முடையது. அதுவும் இதே வழியில் நடந்து இதே இடத்துக்குப் போயிருக்கிறது: காழ், காழ்ப்பு, காழ்ப்புணர்ச்சி. இன்றைக்கு நாளிதழைப் பிரித்தால் அரசியல் காழ்ப்புணர்ச்சி என்ற தொடர் கண்ணில் படாமல் இராது. மரத்தின் நடுவிலிருந்து புறப்பட்ட சொல் என்று அதைப் பேசுகிறவரும் நினைப்பதில்லை, எழுதுகிறவரும் நினைப்பதில்லை. எப்படி நடந்தது இந்தப் பயணம்? பகைத்திறம் தெரிதல் அதிகாரத்தின் ஒன்பதாவது குறளில் அதைக் கண்ணால் பார்க்கலாம். முள்மரத்தை இளசாக இருக்கும்போதே களைய வேண்டும், முற்றிக் காழ்த்துவிட்டால் வெட்டுகிற கையையே அது வருத்தும் என்பது அங்கே கருத்து. மரம் காழ்ப்பதும் பகை காழ்ப்பதும் வள்ளுவருக்கு ஒரே வினை. முதலில் ஈரமாக, வளையக்கூடியதாக இருந்தது. ஆண்டு செல்லச் செல்ல உள்ளே ஏதேதோ நிரம்பிக் குழாய்கள் அடைபட்டன. இனி அதன் வழியே ஒன்றும் ஓடாது, அதை ஒன்றும் அரிக்கவும் அரிக்காது.

எங்கள் கூடத்தில் ஒரு சுவர் இருந்தது. அப்பாவுக்கும் பெரியப்பாவுக்கும் கொல்லைப்புறத்து வேலி குறித்து வந்த பேச்சு. ஒரு முழ நிலம். நான் பள்ளிக்கூடம் சேர்ந்த ஆண்டு கூடத்தை இரண்டாக்கிச் சுவர் எழுப்பினார்கள். உத்திரத்தை இரண்டாக்க முடியவில்லை. சுவர் அதன் அடிவயிறு வரை ஏறி நின்றுவிட்டது. ஒரே உத்திரத்தின் கீழ் இரண்டு அடுப்புகள் எரிந்தன. இருபத்திரண்டு ஆண்டுகள் இருவரும் முகம் பார்க்கவில்லை. பெரியப்பா இறந்த அன்று அப்பா திண்ணை வரை போய் உட்கார்ந்துவிட்டு, உள்ளே போகாமல் திரும்பிவந்தார். பாட்டி மட்டும் இரண்டு பக்கமும் போய்வருவாள். “ரெண்டும் வைரம் பாஞ்சு கிடக்குதுங்க,” என்பாள். பாராட்டுகிறாளா, அழுகிறாளா என்று சிறுவனான எனக்குத் தெரியாது.

ஆசாரி விலை பேசி முடித்தார். முழு உத்திரமும் வண்டியில் ஏறாது, நடுவில் ஓர் அறுப்பு போட வேண்டும் என்றார். சுவர் முட்டி நின்ற இடத்தில் சுண்ணாம்புத் தடம் பட்டையாக, வெள்ளையாகத் தெரிந்தது. கிட்டத்தட்ட அதுதான் நடு. அளவுகோல் வைக்காமலே ரம்பத்தை அங்கே கொண்டுபோனார்.

“இங்கியே போட்டுடலாமா?”

பெரியப்பா மகன், எனக்கு அண்ணன், மதிலில் சாய்ந்து நின்றிருந்தார். இரண்டெட்டு வைத்து வந்து குனிந்தார்.

“அங்க வேணாம் ஆசாரி,” என்றார். தடத்திலிருந்து ஒரு சாண் தள்ளி விரலை வைத்தார். “இங்க போடுங்க.”

(தொடரும்)