உலக்கையும் பூணும்

விஞ்ஞான நூலை விரித்தபடி ஒரு மாணவன் என்னிடம் வந்தான். “ஐயா, முசலம் எண்டால் என்ன?” என்று கேட்டான்.

முசலம் என்றால் உலக்கை. அது வடசொல். பலராமனுக்குரிய படைக்கலங்களுள் முசலமும் ஒன்று. இவற்றையெல்லாம் சொல்லி நான் மகிழ்ந்தேன். மாணவன் மகிழவில்லை. அவனுடைய நூலில் இருந்த முசலம் நெற் குற்றும் முசலம் அன்று. எஞ்சினுக்குள் ஏறி இறங்கும் பிஸ்டன். பிஸ்டனுக்கு நம் நாட்டு விஞ்ஞான நூலோர் முசலம் என்று பெயரிட்டிருக்கின்றனர். பெயரிற் பழுதில்லை. உரலுக்குள் உலக்கை ஏறி இறங்குவது போல, உருளைக்குள் பிஸ்டன் ஏறி இறங்குகின்றது.

மாணவனின் தந்தையார் கிளிநொச்சியிற் கராஜ் வைத்திருப்பவர். ஆதலால் அவன் அவ்வளவில் விடவில்லை.

“உலக்கை நுனியிலை பூண் இருக்குது. பிஸ்டனிலை ரிங் இருக்குது. அப்ப ரிங் எண்டது பூண்தானே ஐயா?”

அருமையான கேள்வி. “ஆம்” என்று சொல்ல வாயெடுத்தேன், சொல்லவில்லை. ரிங்கைப் பூண் என்றே எண்ணி, இளமையில் நான் செய்த காரியம் ஒன்று நினைவில் வந்து குறுக்கே நின்றது.

பூணும் வளையமும்

பூண் என்ன செய்கின்றது? மரம் பிளவாதபடி உலக்கையை இறுகப் பிடித்துக் கொள்கின்றது. அது உள்நோக்கி நெருக்குவது. அதற்கு வெட்டுவாய் இல்லை, இருத்தலும் ஆகாது.

பிஸ்டன் வளையம் இதற்கு நேர்மாறானது. அது வெளிநோக்கி விரிவது. பிஸ்டனின் பக்கத்தில் வெட்டப்பட்ட தவாளிப்பினுள்ளே தளர்வாகக் கிடந்துகொண்டு, உருளைச் சுவரைத் தன் வில்விசையாற் தொட்டுக்கொண்டிருப்பது. அதற்கு ஓரிடத்தில் வெட்டுவாய் உண்டு. அந்த வாய் இல்லையேல் வளையம் இல்லை.

அதன் தொழில்கள் மூன்று. எரிந்த வாயு கீழே நழுவாமல் தடுப்பது ஒன்று. பிஸ்டனின் சூட்டை வாங்கிச் சுவருக்குக் கடத்துவது ஒன்று. சுவரில் ஒயிலை மெல்லிய படலமாக விட்டு, மிகுந்ததை வழித்துக் கீழே அனுப்புவது மற்றொன்று. வாயுவின் அமுக்கம் தவாளிப்பினுள்ளே புகுந்து வளையத்தின் முதுகில் நின்று அதனைச் சுவரோடு அழுத்துகின்றது. தப்பியோட வந்த வாயுவே தன்னைத் தடுக்கும் கதவுக்குத் தாழ்ப்பாளாகின்றது! பழைய நீராவி இயந்திரங்களிற் சணற்கயிற்றைச் சுற்றிக் கொழுப்புப் பூசி அடைத்தார்கள். இங்கிலாந்தின் புகையிரதப் பொறியியலாளர் யோன் ராம்ஸ்பொட்டம் 1850 களிற் வெட்டுவாய் உள்ள உலோக வளையத்தைக் கொண்டுவந்தார். இன்றுவரை உலகம் அந்த வழியிலேயே செல்கின்றது.

மண்ணெண்ணெய்க் காலம்

1990 ஜூனிற் போர் மீண்டும் மூண்டபின் வடக்கிற்குப் பெற்றோல் வரவில்லை. உதிரிப்பாகம் வரவில்லை. பற்றரியும் வரவில்லை. ஆயினும் வன்னியில் வாகனம் ஓடியது. ஒஸ்டின் கேம்பிறிட்ஜ், ஒஸ்டின் ஏ 40, மொறிஸ் மைனர் என்னும் பழைய ஆங்கிலேயக் கார்கள் மண்ணெண்ணெயில் ஓடின. சிறு போத்தலில் உயிர்போலப் பேணிய பெற்றோலிற் சில துளி விட்டு எஞ்சினை எழுப்புவார்கள். சூடேறியதும் மண்ணெண்ணெய்க்கு மாற்றுவார்கள்.

இஃது அறியாமையால் எழுந்த துணிச்சல் அன்று. 1949 இல் வந்த பெர்குசன் உழவு இயந்திரத்தின் ஒரு வகை, பெற்றோலில் எழும்பி மண்ணெண்ணெயை ஒத்த மலிவான எண்ணெயில் ஓடும்படியே ஆக்கப்பட்டது. அமுக்கம் குறைந்த பழைய எஞ்சின்களே இதனைத் தாங்கும். புதிய எஞ்சின்கள் தாங்கா. ஆகவே உலகம் கழித்துவிட்ட கிழக் கார்கள் எமக்குக் காமதேனுவாயின.

ஆனால் மண்ணெண்ணெய் வட்டி வாங்காமற் போகாது. பெற்றோலைப் போல அது முழுதும் ஆவியாவதில்லை. ஆவியாகாத பங்கு சுவரில் வழிந்து ஒயிற் படலத்தைக் கழுவிவிடும். கழுவிக் கீழே இறங்கி ஒயிலோடு கலக்கும். ஒயில் அளக்கும் கோலை இழுத்துப் பார்த்தால் மட்டம் குறையாது, கூடியிருக்கும். அறியாதவன் மகிழ்வான். அறிந்தவன் கோலை மூக்கருகே கொண்டுபோய் முகர்ந்து பார்த்துப் பெருமூச்சு விடுவான். அந்த நீர்த்த ஒயிலில் ஓடி ஓடி வளையங்கள் தேயும். பின்னாலே நீலப்புகை எழும். ஏற்றத்திற் கார் நிற்கும்.

என் பிழை

1996 இன் பிற்பகுதியிற் கிளிநொச்சி நகரம் இராணுவத்தின் வசமாயிற்று. மக்கள் ஸ்கந்தபுரம், அக்கராயன், மல்லாவி என்று பெயர்ந்தனர். நாங்களும் பெயர்ந்தோம். எங்களுடன் ஒரு கேம்பிறிட்ஜ் காரும் பெயர்ந்தது. என் தாயாருக்குத் தொய்வு. மூச்சு முட்டும் இரவுகளில் வைத்தியசாலைக்கு அந்தக் காரே கதி. 1997 இல் அது நீலப்புகை கக்கத் தொடங்கியது.

எங்கள் மெக்கானிக் அண்ணை மலேரியாக் காய்ச்சலிற் படுத்திருந்தார். அவர் வளையம் மாற்றுவதை இரண்டு முறை அருகிருந்து பார்த்தவன் நான். இரண்டு முறை பார்த்தவன் தன்னை முற்றும் கற்றவனாக எண்ணுவது இளமையின் இயல்பு. நானே செய்வதென்று துணிந்தேன். ஓரளவு பெருத்த வளையங்கள் எங்கோ கிடைத்தன. அராவிப் பொருத்த வேண்டும். வாயு கசியாதிருப்பதற்கன்றோ வளையம்? அப்படியாயின் வாய் ஏன்? பூணுக்கு வாய் உண்டா? இவ்வாறு தருக்கம் செய்து, இரு நுனிகளும் ஒன்றையொன்று தொடும் அளவில் அராவுவதை நிறுத்தினேன். மயிரிழையும் நுழையாது. என் கைத்திறனை நானே மெச்சினேன். முன்னே கைப்பிடியைச் செருகிச் சுற்றியபோது எஞ்சின் இறுக்கமாகச் சுழன்றது. அதனையும் நற்குறி என்றே கொண்டேன்.

மூன்றாம் நாள் இரவு தாயாருக்கு மூச்சு முட்டியது. மல்லாவி நோக்கிப் புறப்பட்டோம். துணுக்காயை அடையுமுன், சூடேறிய எஞ்சின் ஒருமுறை கீச்சிட்டது. பின்பு படாரென்று நின்றது. கைப்பிடிக்கும் அசையவில்லை. இருபுறமும் காடு. பின்னிருக்கையிலிருந்து கேட்ட அந்த மூச்சின் ஒலியை இன்றைக்கும் நான் மறந்தேனல்லேன். நெடுநேரம் சென்றபின் உழவு இயந்திரம் ஒன்று வந்தது. அதன் பெட்டியிற் சாக்கு விரித்துத் தாயாரைக் கிடத்திக் கொண்டுபோனோம். அவர் பிழைத்தார். பிழைத்தது என் திறமையால் அன்று.

இறுக்கம் வேறு, பொருத்தம் வேறு

காய்ச்சல் தணிந்து வந்த அண்ணை எஞ்சினைத் திறந்தார். பத்திரிகைத் தாளை விரித்து, மேல் வளையத்தின் துண்டுகள் மூன்றை அதன்மேல் வைத்தார். சுவரில் நெடுக நகக்கீறல் போன்ற வடுக்கள். என்னை ஏசுவார் என்று எதிர்பார்த்தேன். ஏசவில்லை.

“தம்பி, இறுக்கம் வேறை, பொருத்தம் வேறை” என்றார்.

அச்சொல்லின் பொருளைக் கணக்கால் விளக்கலாம். கேம்பிறிட்ஜ் ஏ 55 எஞ்சினின் உருளை விட்டம் 73 மில்லிமீற்றர். வளையத்தின் சுற்றளவு ஏறக்குறைய 229 மில்லிமீற்றர். வார்ப்பிரும்பு, வெப்பநிலை ஒரு பாகை உயர, தன் நீளத்திற் பத்து இலட்சத்தில் 11 பங்கு நீளும். வளையம் சுவரிலும் பார்க்க 100 பாகை கூடுதலாகச் சூடேறினால், அது கால் மில்லிமீற்றர் மிகையாக நீளும். அந்தக் கால் மில்லிமீற்றர் போவதற்கு இடம் வேண்டும். இடம் இல்லையேல் நுனிகள் முட்டும், வளையம் சுவரைக் கிழிக்கும், தானும் உடையும். விட்டத்தின் ஒவ்வோர் அங்குலத்துக்கும் அங்குலத்தின் ஆயிரத்தில் 3 முதல் 4 பங்கு வாய் விடுக என்பது தொழிலாளர் வழக்கு. கணக்கும் வழக்கும் ஒன்றையொன்று தழுவி நிற்றல் காண்க.

புணர்ச்சி படித்த எனக்கு இது முன்னரே விளங்கியிருக்க வேண்டும். சொற்கள் புணருமிடத்துத் தோன்றல், திரிதல், கெடுதல் என்பன நிகழும். வளையத்தின் ஈறும் முதலும் புணருமிடத்து, சூட்டில் இடைவெளி கெடும். கெடுவதற்கு முன்பு அஃது இருந்திருக்க வேண்டுமல்லவா?

அண்ணை என்னை அருகிருத்தி மீண்டும் முதலிலிருந்து செய்வித்தார். உருளையின் உச்சியில், வளையம் தொடாத இடத்தில் ஒரு வரம்பு எழுந்திருக்கும். அதனை நீக்காவிட்டாற் புதிய வளையம் மோதி உடையும். ஆகவே முதலில் வரம்பை நீக்கினோம். பளபளத்த சுவரை எமரித் தாளாற் குறுக்கு மறுக்காகக் கீறினோம். அந்த நுண்கீறல்களிலேதான் ஒயில் தங்கும். புதிய வளையமும் சுவருக்கு இணங்கித் தேயும். பின்பு சவர்க்காரமும் சுடுநீரும் இட்டு, வெள்ளைத் துணியில் அழுக்கு ஒட்டாத வரையும் கழுவினோம். எமரித் தூள் ஒரு துகள் எஞ்சினும் அது புதிய வளையத்துக்கு நஞ்சு.

வாயளக்கும் முறை நுட்பமானது. வளையத்தை உருளைக்குள் இட்டு, பிஸ்டனைத் தலைகீழாகப் பிடித்து அதனாலே தள்ளி மட்டமாக்க வேண்டும். தேய்ந்த உருளை மேலே அகன்றும் கீழே ஒடுங்கியும் இருக்கும். ஆகவே வளையம் ஓடும் எல்லையின் அடிப்பகுதியில் வைத்தே பீலர் கேஜ் தகட்டால் அளக்க வேண்டும். மேலே அளந்து போதும் என்று விட்டவன், கீழே முட்டக் காண்பான். வாய் சிறிதானால் அராவிப் பெருப்பிக்கலாம். பெரிதானால் ஒட்டவைக்க முடியாது. ஆகவே அராவு, அள, மீண்டும் அராவு.

கேம்பிறிட்ஜ் பிஸ்டன் ஒன்றுக்கு நான்கு வளையம், பிஸ்டன் நான்கு, ஆகப் பதினாறு. அடியில் உள்ள ஒயில் வளையத்தை முதலில் இட்டு, மேல் வளையத்தை இறுதியில் இட வேண்டும். நடு வளையங்கள் இரண்டுக்கும் விளிம்பு சற்றுச் சாய்வானது. மேற்பக்கத்தில் அடையாள எழுத்துப் பொறித்திருக்கும். தலைகீழாக இட்டால், ஒயிலைக் கீழே வழிக்க வேண்டியது மேலே ஏற்றும். வளையத்தை முறுக்கிப் போடுதலும் ஆகாது. வார்ப்பிரும்பு வளைய அறியாது, முறியவே அறியும். மெல்லிய தகரக் கீலங்கள் மூன்றைப் பிஸ்டனைச் சூழ வைத்து, அவற்றின்மேல் வளையத்தை வழுக்கி இறக்கினார் அண்ணை.

இனி, வாய்கள் நான்கும் ஒரே நேரில் நிற்கலாகாது. “நாலு வேலியிலையும் பொட்டு நேருக்கு நேர் இருந்தால் ஆடு நேரை வளவுக்கை வந்திடுமெல்லே” என்றார் அவர். ஒவ்வொரு வாயையும் ஒவ்வொரு திசைக்குத் திருப்பினோம். ஒயில் பூசி, தகட்டுப் பட்டியால் வளையங்களை நெருக்கி, சுத்தியலின் மரப்பிடியால் மெல்லத் தட்டி இறக்கினோம். எங்காவது தடைப்பட்டால் நிறுத்தி, வெளியே எடுத்துக் காரணம் பார்க்க வேண்டும். தடைப்பட்ட இடத்தில் ஓங்கி அடிப்பவன் வளையத்தை உடைப்பான்.

இவ்வளவிலும் அவர் ஒரு நூலையும் பார்க்கவில்லை. ஒரு விதியையும் மீறவுமில்லை.

நாம் செய்ய வேண்டுவது

2002 இற் போர்நிறுத்த உடன்படிக்கையின் பின் கண்டி வீதி திறந்தது; பெற்றோலும் உதிரிப்பாகமும் வந்தன. மண்ணெண்ணெய்க் கார்களின் காலம் முடிந்தது. ஆயினும் அந்தக் கல்வியின் தேவை முடியவில்லை. 2020 மார்ச்சில் வாகன இறக்குமதி நிறுத்தப்பட்டு, தனியார் வாகனங்களுக்கு 2025 இலேதான் மீண்டும் வழி திறந்தது. இடைப்பட்ட ஆண்டுகளிற் புதியது வாங்க இயலாதோர் பழைய எஞ்சினையே திறந்து வளையம் மாற்றினர்.

நாம் பிஸ்டனுக்கு முசலம் என்று பெயர் தந்துவிட்டுத் தொழில் முடிந்ததென்று இருந்துவிட்டோம். அந்த முசலத்துக்கு வளையம் இடும் முறையைத் தமிழில் எழுதினோமா? வழக்கு முந்தியது, இலக்கணம் பிந்தியது. கராஜ்களிற் செம்மையான வழக்கு ஒன்று நாற்பது ஐம்பது ஆண்டுகளாக நிலவுகின்றது. அதற்கு இலக்கணம் எழுதுவார் இல்லை. அதனை அறிந்த முதியோர் ஒவ்வொருவராக மறைந்துவருகின்றனர். எங்கள் அண்ணையும் இன்று இல்லை. மாணவர்கள் குறிப்பேட்டோடு அவர்களிடம் செல்ல வேண்டும். அவர்கள் வழங்கும் சொல்லையே எழுத வேண்டும். சொல்லைத் திருத்தப் புகுமுன் பொருளை அறிய வேண்டும். பூண் என்ற அழகிய சொல்லொன்று அன்று என்னைக் கெடுத்தது. அழகாக அடைந்திருப்பதெல்லாம் பொருந்தியதாகாது.

மாணவனுக்கு இவ்வளவும் சொன்னேன். மேசை இழுப்பறையிலிருந்து அந்த வளையத் துண்டு ஒன்றை எடுத்துக் கொடுத்தேன். திருப்பித் திருப்பிப் பார்த்தான்.

“உடைஞ்ச ரிங்கை ஏன் ஐயா வைச்சிருக்கிறியள்?”

“பிஸ்டன் தவாளிப்பிலை பிடிச்ச கரியைச் சுரண்ட உடைஞ்ச ரிங்தான் நல்ல ஆயுதம். அண்டைக்கு அண்ணை இந்தத் துண்டாலைதான் சுரண்டினவர். கொப்பாவைக் கேட்டுப் பார்.”

அவன் அதனைச் சட்டைப் பையில் இட்டுக்கொண்டு தந்தையாரிடம் கேட்கப் போனான்.