ஊடும் பாவும்

உலகத்தை நெய்த துணியாகக் கண்டு வணங்கும் மதம் வெறும் கற்பனையா? பிருகதாரண்யக உபநிடதத்தின் மூன்றாம் அத்தியாயம் எனக்கு நினைவு வருகிறது.

ஜனகன் சபையில் கார்க்கி என்ற பெண் யாக்ஞவல்கியரை வினவுகிறாள்: உலகனைத்தும் நீரில் ஊடும் பாவுமாக நெய்யப்பட்டிருப்பின், நீர் எதில் நெய்யப்பட்டது? காற்றில் என்கிறார் முனிவர். காற்று எதில்? கேள்வி பிரமலோகங்களையும் தாண்டவே, மேலும் கேட்டால் தலை விழுந்துவிடும் என எச்சரிக்கிறார். கார்க்கி அடங்குகிறாள்.

சிறிது நேரத்தில் மீண்டும் எழுகிறாள், இரண்டு அம்பேந்திய வீரனைப்போல் இரண்டு கேள்விகளோடு. வானும் பூமியும் முக்காலமும் எதில் நெய்யப்பட்டன? ஆகாயத்தில். ஆகாயம்? அழிவற்ற அட்சரத்தில். இம்முறை அதட்டல் இல்லை, விளக்கமே வருகிறது.

விடையினும் அவள் மீண்டெழுந்ததே எனக்குப் பெரிது. அறுந்த இழையை முடிந்துகொண்டு தொடர்வதுதானே நெசவு?