மறைக்கப்பட்ட முகங்களைத் திரைக்குக் கொணர்ந்தவர்

சினிமா என்றதும் நம் நினைவுக்கு வருபவை பாட்டு, நடனம், சண்டை, கடைசியில் ஒரு கல்யாணம். விவரணப்படம் என்றாலோ நம்மில் பலருக்குக் கொட்டாவி வந்துவிடும். அணை கட்டுவதையும் நெல் நாற்று நடுவதையும் காட்டும் படம்தானே என்று நினைப்போம். ஆனால் ஒரு மனிதரை நாற்காலியில் அமர்த்தி, அவர் முகத்தை மட்டுமே காட்டி, ஒன்றரை மணி நேரம் மக்களைக் கண்ணிமைக்காமல் பார்க்கவைக்கும் விவரணப்படங்களும் உண்டு. அத்தகைய படங்களை எடுப்பதில் பெயர் பெற்ற ஒரு பெண்மணியைப் பற்றியே இங்கு எழுத விழைகிறேன்.

அவர் பெயர் ஓல்கா சோமரோவா. செக்கோஸ்லோவாக்கியாவின் தலைநகரான பிராக் நகரில் 1949-ஆம் ஆண்டு பிறந்தவர். (அந்நாடு 1993-ல் செக் குடியரசு, ஸ்லோவாக்கியா என இரண்டாகப் பிரிந்தது.) பிராக் நகரின் புகழ்பெற்ற திரைப்படக் கல்லூரியில் விவரணப்படப் பிரிவில் பயின்று 1977-ல் வெளிவந்தார். அடுத்த ஆண்டிலிருந்து 1991 வரை அரசின் குறும்பட நிறுவனத்தில் இயக்குநராகப் பணியாற்றினார். பின்னர் தாம் பயின்ற கல்லூரிக்கே ஆசிரியையாகத் திரும்பி, 1994 முதல் 2002 வரை அப்பிரிவின் தலைவியாகவும் இருந்தார். நூற்றுக்கு மேற்பட்ட படங்கள் அவர் பெயரில் உள்ளன.

அவருடைய கணவர் யான் ஷ்பாட்டாவும் பெரிய விவரணப்படக் கலைஞர், கைதேர்ந்த ஒளிப்பதிவாளர். 1964-ல் ஷ்பாட்டா ஒரு படம் எடுத்தார். நாட்டின் இளைஞர்களைச் சந்தித்து, “உங்களுடைய மிகப் பெரிய ஆசை என்ன?” என்று கேட்பதுதான் படம் முழுவதும். சுமார் இருபத்தைந்து ஆண்டுகள் கழித்து, வேறொரு தலைமுறையிடம் அதே கேள்வியை மீண்டும் கேட்டு இரண்டாவது படமும் எடுத்தார். 1967-ல் முதிய பெண்மணிகளைப் பற்றி அவர் எடுத்த படத்துக்கு இலத்தீனில் பெயரிட்டார்: ‘ரெஸ்பிசே ஃபினெம்’. ‘முடிவை எண்ணிப் பார்’ என்பது அதன் பொருள். நம் கன்னியர் மடத்துச் சகோதரிகளுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. எளிய ஒரு கேள்வியைக் கேட்டுவிட்டு, பதில் வரும்வரை பொறுமையாகக் காத்திருக்கும் கலை அந்த வீட்டில் இருவருக்குமே இருந்தது.

ஓல்கா அம்மையாரின் தொடக்க காலப் படங்கள் குடும்பம், உறவுகள், பெண்களின் வாழ்வு ஆகியவற்றைச் சுற்றி அமைந்தவை. 1981-ல் வந்த ‘உன்னோடு, அப்பா’ அவற்றுள் ஒன்று. அக்காலத்தில் வேறு வகையாகப் படமெடுப்பதும் எளிதன்று. ஏன் என்று புரிந்துகொள்ள நாம் 1968-ஆம் ஆண்டுக்குச் செல்ல வேண்டும்.

அவ்வாண்டின் தொடக்கத்தில் அலெக்சாண்டர் டூப்செக் என்பவர் செக்கோஸ்லோவாக்கியக் கம்யூனிஸ்டு கட்சியின் தலைவரானார். பத்திரிகைத் தணிக்கை தளர்ந்தது. மக்கள் மனம்விட்டுப் பேசத் தொடங்கினர். ‘பிராக் வசந்தம்’ என்று அக்காலத்தைக் குறிப்பிடுவர். ஜூன் மாதத்தில் லுட்விக் வாட்ஸுலிக் என்ற எழுத்தாளர் ‘இரண்டாயிரம் சொற்கள்’ என்னும் அறிக்கையை எழுத, கலைஞர்களும் விளையாட்டு வீரர்களும் அறிஞர்களும் அதில் கையெழுத்திட்டனர். ஆகஸ்டு 20-ஆம் நாள் இரவு சோவியத் தலைமையிலான படைகளின் டாங்கிகள் எல்லையைக் கடந்து வந்தன. வசந்தம் முடிந்தது. அதன் பிறகு வந்த ஆட்சி, ஒவ்வொருவரையும் அழைத்துக் கேட்டது இதுதான்: ‘போட்ட கையெழுத்தைத் திரும்பப் பெறுகிறாயா? சொன்ன சொல்லை மறுக்கிறாயா?’ மறுத்தவர்கள் பிழைத்தார்கள். மறுக்காதவர்கள் மேடையிலிருந்தும் தொலைக்காட்சியிலிருந்தும் பாடநூல்களிலிருந்தும் காணாமற் போனார்கள்.

இப்படிக் காணாமற் போனவர்களுள் ஒருவர் மார்ட்டா குபிஷோவா. 1942-ல் பிறந்த பாடகி. நாட்டின் மக்கள் வாக்களித்துத் தேர்ந்தெடுக்கும் ‘தங்க வானம்பாடி’ விருதை 1966, 1968, 1969 ஆகிய ஆண்டுகளில் பெற்றவர். 1968-ல் ஒரு தொலைக்காட்சித் தொடருக்காக அவர் பாடிய ‘மார்ட்டாவுக்காக ஒரு பிரார்த்தனை’ என்னும் பாடல், டாங்கிகள் வந்த நாட்களில் நாடு முழுவதும் ஒலித்தது. பதினேழாம் நூற்றாண்டில் நாடு கடத்தப்பட்டு வாழ்ந்த கொமேனியஸ் என்ற பேரறிஞரின் நம்பிக்கைச் சொற்களைத் தழுவி எழுதப்பட்ட பாடல் அது. குழந்தைகளுக்குப் படங்களோடு கூடிய பாடநூலை 1658-லேயே வெளியிட்டவர் கொமேனியஸ். ஆசிரியப் பயிற்சி பெற்றவர்கள் அவர் பெயரைக் கேட்டிருப்பார்கள்.

1970-ன் தொடக்கத்தில், மார்ட்டாவின் பெயரைக் கெடுக்க இழிவான பொய்ப் புகைப்படங்களைத் தயாரித்துப் பரப்பினார்கள். அவர் வழக்குத் தொடுத்தார், வெற்றியும் பெற்றார். ஆனாலும் பாடத் தடை நீங்கவில்லை. அப்போது அவருக்கு வயது 27. பிறகு அவர் பிளாஸ்டிக் பைகள் ஒட்டும் வேலை முதலியன செய்து காலம் கழித்தார். 1977-ல் மனித உரிமைகளைக் கோரிய ‘77 சாசன’த்தில் கையெழுத்திட்டு, அதன் பேச்சாளர்களில் ஒருவராகவும் பொறுப்பேற்றார். 1989 நவம்பரில், பிராக் நகரின் வாட்ஸ்லாவ் சதுக்கத்தில் இலட்சக்கணக்கில் மக்கள் திரண்டபோது, ஒரு கட்டடத்தின் பால்கனியில் நின்று அதே பிரார்த்தனையைப் பாடினார். அப்போது அவருக்கு வயது 47. நடுவில் இருபது ஆண்டுகள் போயிருந்தன. ஒரு பாடகியின் குரலுக்கு மிக நல்ல ஆண்டுகள் அவை என்பதை இசை பயிலும் மாணவியர் அறிவர்.

ஓல்கா அம்மையார் 2014-ல் இவரைப் பற்றி ‘கிளர்ச்சிக்காரியின் மாயக் குரல்’ என்ற படத்தை எடுத்தார். இங்கேதான் ஒரு விவரணப்பட இயக்குநரின் உண்மையான சிக்கலை நாம் காண்கிறோம். பொதுவாக ஒரு கலைஞரைப் பற்றிப் படமெடுக்க வேண்டுமானால் என்ன செய்வார்கள்? அவர் பாடிய பழைய நிகழ்ச்சிகளைத் தொலைக்காட்சி நிலையத்தின் சேமிப்பு அறையிலிருந்து எடுப்பார்கள். பேட்டியோடு அவற்றை இணைத்துத் தைப்பார்கள். மார்ட்டாவுக்கு 1968-ல் எடுத்த படச்சுருள் இருக்கிறது. 1989-ல் பால்கனியில் பாடிய காட்சி இருக்கிறது. இடையில் அரசுத் தொலைக்காட்சியில் அவர் பாடிய ஒரு பாட்டுக்கூட இல்லை. தடை என்பதன் பொருளே அதுதான். இல்லாததை எப்படிப் படமெடுப்பது?

அதற்கு ஒரே வழி, அந்த ஆண்டுகளை வாழ்ந்தவரையே பேசவைப்பது. அவர் பேசும்போது முகத்தில் தோன்றுவதையும், பேசாமல் நிறுத்தும்போது தோன்றுவதையும் காமிரா விடாமல் பிடிப்பது. இதற்குப் பெரிய இயந்திரங்கள் தேவையில்லை. எதிரே இருப்பவர் நம்பும்படி நடந்துகொள்வது தேவை. குடும்பங்களுக்குள் சென்று சாதாரண மனிதர்களின் பேச்சைப் பதிவு செய்த தொடக்க கால அனுபவம் அம்மையாருக்கு இங்கே கைகொடுத்தது என்பது என் எண்ணம். கல்லூரியில் கற்றதைவிட அதுவே பெரிய பயிற்சி என்றுகூடச் சொல்வேன்.

மார்ட்டா படத்துக்கு முன், 2012-ல், ‘வேரா 68’ வெளிவந்தது. இது வேரா சாஸ்லாவ்ஸ்கா என்ற ஜிம்னாஸ்டிக் வீராங்கனையின் கதை. விளையாட்டு வீராங்கனை எப்படிக் கலைஞர் ஆவார் என்று கேட்பவர்கள், அவர் மெக்சிகோ நகரில் தரைப் பயிற்சிப் போட்டியில் அந்நாட்டு மக்களின் தொப்பி நடன இசைக்கு ஆடியதைப் பார்க்க வேண்டும். 1964-ல் டோக்கியோவில் மூன்று, 1968-ல் மெக்சிகோவில் நான்கு, ஆக ஏழு ஒலிம்பிக் தங்கப் பதக்கங்கள் அவருடையவை. வேராவும் ‘இரண்டாயிரம் சொற்க’ளில் கையெழுத்திட்டவர். டாங்கிகள் வந்தபோது அவர் மொராவியா மலைப் பகுதியில் மறைந்திருந்து, மரக்கிளைகளில் தொங்கியும் உருளைக்கிழங்கு மூட்டைகளைத் தூக்கியும் போட்டிக்குத் தம்மைத் தயார் செய்துகொண்டார். இரண்டு மாதம் கழித்து மெக்சிகோவில், பரிசு மேடையில் சோவியத் நாட்டுப் பண் ஒலித்தபோது, தலையைக் குனிந்து முகத்தை ஒருபுறம் திருப்பிக்கொண்டார். முழக்கமில்லை, முஷ்டி உயர்த்தவில்லை. உலகம் முழுவதும் அதைக் கண்டது. அவருடைய நாட்டு ஆட்சியாளர்களும் கண்டார்கள்.

அவர் கையெழுத்தைத் திரும்பப் பெறவில்லை. ஏழு தங்கம் வென்றவருக்குப் பல ஆண்டுகள் பயிற்சியாளர் வேலைகூட மறுக்கப்பட்டது. 1989-க்குப் பிறகு ஜனாதிபதி வாட்ஸ்லாவ் ஹாவலின் ஆலோசகராகவும், நாட்டின் ஒலிம்பிக் குழுத் தலைவராகவும் மதிப்போடு பணியாற்றினார். பின்னர் 1993-ல் குடும்பத்தில் ஒரு பெருந்துயர் நேர்ந்தது. மன அழுத்த நோய்க்கு ஆளாகிப் பல ஆண்டுகள் வெளியுலகை அடியோடு தவிர்த்தார். அத்தகையவரை மீண்டும் காமிராவின் முன் அமரவைப்பதற்கு எவ்வளவு நிதானம் வேண்டும்! படம் வந்த ஆண்டில் அவருக்கு வயது எழுபது. நான்கே ஆண்டுகளில், 2016 ஆகஸ்டில், அவர் காலமானார். கொஞ்சம் தாமதித்திருந்தால் அவர் கதையை அவர் வாயாலேயே கேட்கும் வாய்ப்புப் போயிருக்கும்.

மூன்றாவதாக நான் குறிப்பிட விரும்புவது 2017-ல் வந்த ‘செர்வெனா’. சோன்யா செர்வெனா என்ற ஓபரா பாடகியின் வரலாறு. ‘செர்வெனா’ என்றால் செக் மொழியில் ‘சிவப்பு’ என்று பொருள். கம்யூனிஸ்டு ஆட்சியைவிட்டு ஓடியவருக்கு அப்படி ஒரு குடும்பப் பெயர்! 1925-ல் பிறந்த இவர் 1962 ஜனவரியில், பெர்லின் சுவர் எழும்பிய சில மாதங்களுக்குள், கிழக்கிலிருந்து மேற்கே தப்பிச் சென்றார். சான் பிரான்சிஸ்கோ ஓபராவில் மட்டும் பதினொரு பருவங்கள் பாடினார். ஆட்சி மாறிய பின் தாய்நாடு திரும்பி, மற்றவர்கள் ஓய்வெடுக்கும் வயதில் புதிதாக ஒரு கலை வாழ்வைத் தொடங்கினார்.

அவருடைய பிற்காலப் பாத்திரங்களில் இரண்டை இங்கே சொல்லாமல் விட முடியாது. மிலாடா ஹொராக்கோவா என்ற பெண் வழக்கறிஞர் பொய் வழக்கில் 1950 ஜூன் 27-ல் தூக்கிலிடப்பட்டார். அவரைப் பற்றிய ஓபரா 2008-ல் அரங்கேறியபோது, ஹொராக்கோவாவாகத் தோன்றியவர் செர்வெனாவே. எண்பது வயதைக் கடந்திருந்தார். 2013-ல் வந்த ‘டோஃபர்’ என்ற ஓபராவிலும் பங்கேற்றார். யோசேஃப் டோஃபர் என்பவர் சிஹோஷ்ட் என்னும் சிற்றூரின் பங்குக் குருவானவர். 1949 டிசம்பரில், திருவருகைக் காலத்தின் மூன்றாம் ஞாயிறன்று, பிரசங்க நேரத்தில் பீடத்தின் மேலிருந்த சிலுவை அசைந்ததாக மக்கள் சாட்சி சொன்னார்கள். அது குருவானவர் செய்த சூழ்ச்சி என்று ஒப்புக்கொள்ளும்படி இரகசியப் போலீசார் அவரைச் சித்திரவதை செய்தனர். 1950 பெப்ரவரி 25-ல் இறந்தார். பெயரின்றிப் புதைக்கப்பட்ட அவருடைய உடல் எச்சங்கள் 2014-ல் அடையாளம் காணப்பட்டு, மறு ஆண்டு அவருடைய கோவிலிலேயே அடக்கம் செய்யப்பட்டன. செர்வெனா 2023 மே மாதம் 97-ஆம் வயதில் மறைந்தார்.

ஓல்கா அம்மையாரின் படங்கள் எல்லாம் இப்படிக் கனமானவை என்று நினைக்க வேண்டாம். பாடலாசிரியரும் நடிகருமான யிர்ஷி சுகியைப் பற்றி 2019-ல் அவர் எடுத்த படமும் உண்டு. 1959-ல் ‘செமாஃபோர்’ என்ற சிறு நாடக அரங்கை நிறுவி, நாடு முழுவதையும் சிரிக்கவைத்தவர் சுகி. இதற்கிடையே 2017 முதல் 2021 வரை அம்மையார் நாடாளுமன்ற உறுப்பினராகவும் இருந்தார். காமிராவுக்குப் பின்னால் இருந்ததே அவருக்குப் பொருத்தமான இடம் என்று எனக்குத் தோன்றுகிறது. ஆனால் அது என் சொந்தக் கருத்து.

கணவர் ஷ்பாட்டா 2006-ல் காலமானார். 1984-ல் பிறந்த மகள் ஓல்கா ஷ்பாட்டோவாவும் பெற்றோர் வழியில் விவரணப்பட இயக்குநர் ஆனார். அவர் எடுத்த படங்களில் ‘காரெல்’ என்பது பாடகர் காரெல் காட்டைப் பற்றியது. ‘வானம்பாடி’ விருதை 42 முறை வென்றவர் இந்தக் காட். மார்ட்டா தடை செய்யப்பட்ட ஆண்டுகள் முழுவதும் அவர் பாடிக்கொண்டே இருந்தார். ‘77 சாசன’த்தைக் கண்டித்து அரசு கலைஞர்களைத் திரட்டியபோது அதில் கையெழுத்தும் இட்டார். 2019 அக்டோபரில் அவர் இறந்தபோது நாடு துக்க நாள் கடைப்பிடித்தது. தூய வீத்துஸ் பேராலயத்தில் கர்தினால் டூக்கா இரங்கற் திருப்பலி நிறைவேற்றினார். வழியனுப்ப நெடுந்தூரம் வரிசையில் நின்றவர்களில், மார்ட்டாவின் பிரார்த்தனையை மனப்பாடமாக அறிந்தவர்கள் எத்தனையோ பேர் இருந்திருப்பார்கள். ‘காரெல்’ 2020 அக்டோபரில் வெளிவந்தது. பாட மறுக்கப்பட்டவரைத் தாய் படமெடுத்தார். பாடிக்கொண்டே இருந்தவரை மகள் படமெடுத்தார். மகளுக்குப் பழைய படச்சுருள்களைத் தேடுவதில் சிரமம் இருந்திருக்காது.