ஆழம் வந்தவர்களுக்கு, கரை ஊரவர்களுக்கு

திருகோணமலையில் கரைவலை இழுப்பதைப் பார்க்க ஆசையிருந்தால் விடியுமுன்பே கடற்கரைக்குப் போய்விட வேண்டும். இரண்டு கயிறு, ஒவ்வொன்றிலும் பத்துப் பன்னிரண்டு பேர். கால் மணலில் புதையப் புதையப் பின்னோக்கி நடப்பார்கள். வால்பக்கம் நிற்பவர் கயிற்றை விட்டுவிட்டு ஓடிப்போய்த் தண்ணீரோரம் மறுபடி பிடிப்பார். வலையின் மடி கரையேறியதும் சூடைமீனும் கீரிமீனும் துள்ளும். வலைக்காரச் சம்மாட்டி கணக்கைத் தொடங்குமுன் காகங்கள் தொடங்கிவிடும்.

இந்தத் தண்ணீருக்காகத்தான் 1782-ல் ஒரே ஆண்டுக்குள் மூன்று கொடிகள் மாறின. ஜனவரியில் ஒல்லாந்தரிடமிருந்து ஆங்கிலேயர் பிடித்தார்கள். ஆகஸ்ட் முடிவில் பிரெஞ்சுத் தளபதி சுப்ரென் பறித்தார். செப்டம்பர் 3-ம் தேதி ஆங்கிலேயத் தளபதி ஹியூஸ் வந்து மோதியும் மீட்க முடியவில்லை.

அப்படி என்ன இருக்கிறது இங்கே? அன்றைய சென்னைக்குத் துறைமுகமே கிடையாது. வடகிழக்குப் பருவக்காற்று எழும்பினால் சோழமண்டலக் கரையில் பாய்க்கப்பல்களுக்கு ஒதுங்க இடமில்லை. திருகோணமலையை இழந்த ஹியூஸ், மழைக்காலத்தைக் கழிக்கப் பம்பாய்வரை போக வேண்டியதாயிற்று. மகாவலி வந்து விழும் கொட்டியாரக் குடாவோ கடலடிப் பள்ளத்தாக்கு ஒன்றின் வாயில் இருக்கிறது. அதையொட்டிய உட்துறைமுகத்தைச் சுற்றிலும் குன்றுகள்.

ஆனால் வந்தவர்கள் எல்லோருக்கும் குடா புகலிடம் தரவில்லை. பாய்மரம் ஒடிந்து ஒதுங்கிய ‘ஆன்’ என்ற ஆங்கிலேயக் கப்பலின் மாலுமி ராபர்ட் நொக்ஸ், 1660-ல் மூதூர்ப் பக்கம் கண்டி அரசனின் ஆட்களிடம் சிக்கி, ஏறத்தாழ இருபது ஆண்டு கைதியாக இருந்தார். 1942-ல் ஜப்பானிய விமானங்கள் வருகின்றன என்று கேள்விப்பட்டு, ஆங்கிலேய விமானந்தாங்கிக் கப்பல் ஹேர்மிஸ் துறைமுகத்தை விட்டு வெளியேறியது. ஏப்ரல் 9-ம் தேதி மட்டக்களப்புக்கு அப்பால் அதை மூழ்கடித்தார்கள். 307 பேர் மாண்டார்கள். 1944 ஆகஸ்டில் வேலியன்ட் என்ற போர்க்கப்பலைத் தூக்கி நிறுத்திய மிதவைத் தளம், எதிரி யாருமில்லாமலே, முதுகொடிந்து மூழ்கியது. ஆங்கிலேயக் கடற்படை 1957-ல் திருகோணமலைக் கடற்படைத் தளத்தை ஒப்படைத்துவிட்டுப் போயிற்று. எண்ணெய்த் தாங்கிகள் மிஞ்சின, மொத்தம் 99. வல்லரசுகள் இன்னமும் அவற்றின்மேல் கண் வைத்திருக்கின்றன.

ஊர்ச்சனத்தின் கவலை வேறு. பாலங்கள் இல்லாத நாளில் மூதூருக்குத் தரைவழி போனால் துறைக்குத் துறை ‘பாதை’ எனப்படும் மிதவையில் ஏறி இறங்க வேண்டும். லோஞ்சில் குடாவைக் குறுக்கே கடப்பதுதான் லேசு. அரிசி மூட்டையும் சைக்கிளும் கோழியும் பள்ளிப்பிள்ளையும் ஒரே தட்டில் வரும். 2009-ல் கிண்ணியாப் பாலம் திறந்தது. மற்றப் பாலங்களும் வந்தபின் லோஞ்சின் தேவை சுருங்கிவிட்டது. இப்போது ஃபைபர் படகுகளின் இஞ்சின் சத்தம்தான் எங்கும். மீனுக்குப் போகும் படகுகள் ஒருபுறம். மே முதல் திமிங்கிலம் காட்டவும், நிலாவெளியிலிருந்து புறாமலைக்கு ஆளேற்றவும் போகும் படகுகள் மறுபுறம்.

போர்க்கப்பல்களை நூற்றாண்டுக்கணக்கில் காத்த இந்தத் தண்ணீரில், 2021 நவம்பர் 23-ம் தேதி கிண்ணியா குறிஞ்சாக்கேணியில் இழுவைப்பாதை ஒன்று கவிழ்ந்தது. பள்ளிக்கூடம் போன பிள்ளைகள் உட்பட 6 பேர் அன்றே இறந்தார்கள். அங்கே பாலவேலை அப்போது முடிந்திருக்கவில்லை.

திருகோணமலைக்குப் போகிறவர்களே, படகில் ஏறுமுன் உயிர்காப்பு அங்கியைக் கேட்டு வாங்கிப் போட்டுக்கொள்ளுங்கள். இல்லையென்றால் அந்தப் படகில் ஏறாதீர்கள்.